வாய் மூடாத சத்திரக்காரன்

லா சப்பலில் புடவைக்கடைக்குக் கீழே நிலவறை.
சுவரெல்லாம் போர்வை.
அரிசி மூட்டைகளுக்கு நடுவே ஒரு மைக், ஒரு திரை,
மேல்வீட்டில் யாரோ இறால் வறுக்கும் வாசம்.
தலைக்கு மேலே மெட்ரோ போகும்போதெல்லாம்
திலக்சன் கையை உயர்த்துவான்.
பெத்லகேம் நின்றுவிடும்.
ஒட்டகம் ஒரு காலைத் தூக்கியபடி
ரயில் போகும்வரை காத்திருக்கும்.

பழைய பிரெஞ்சுப் படம்.
நத்தாருக்குள் தமிழில் வேண்டுமென்று
சார்செல் பங்கில் கேட்டிருந்தார்கள்.
ஏரோதுவுக்கு நல்ல குரல் கிடைத்தது, சீட்டுப் பிடிக்கிறவர்.
சூசையப்பருக்குப் படம் முழுக்க ஒன்பது வசனம்;
அமிர்தநாதர் உணவகத்தில் கோப்பை கழுவி முடித்துவிட்டு
பதினொரு மணிக்கு வந்து அத்தனையும் பேசிவிட்டுப் போனார்.
எனக்கு இரண்டு வேடம்:
சத்திரக்காரன், கழுதை.

கழுதை முதல் தரமே சரிவந்தது.

சத்திரக்காரன் கதவைத் திறக்கிறான்.
விளக்கை உயர்த்திப் பார்க்கிறான்.
‘இடமில்லை’ என்கிறேன்.
என் குரல் முடிந்துவிட்டது, அவன் வாய் முடியவில்லை.
பிரெஞ்சில் அவனுக்கு இன்னும் அரைச் செக்கன் பேச்சு இருக்கிறது.
குரலில்லாத உதடுகள்
தொட்டி மீன் மாதிரி
திறந்து, ஒட்டி, மறுபடி திறக்கின்றன.

‘நிரப்பு அண்ணை’ என்றான் திலக்சன்.

‘இடமில்லை, போங்கோ.’
திறக்க வேண்டிய இடத்தில் உதடு ஒட்டியது.
‘இடமில்லை காணும்.’
திறந்த வாய்க்குள் சொல் மூடிக்கொண்டது.
‘இடமில்லை, தம்பி.’
உதடு பொருந்தியது. கண் பொருந்தவில்லை.
அவன் சூசையைப் பார்க்கவேயில்லை,
கழுதை மேலிருப்பவளைப் பார்க்கிறான்.

‘இடமில்லை, அம்மா.’

அச்சில் வார்த்த மாதிரி விழுந்தது.
ஆனால் அந்தச் சொல்லை வாயில் வைத்துக்கொண்டு
எனக்குக் கதவைச் சாத்த வரவில்லை.
கோபமாகச் சொன்னால் பொய்யாகக் கேட்டது,
தணிவாகச் சொன்னால் இன்னும் மோசம்.
பதினான்கு தரம் சாத்தினேன்.
பதினைந்தாவதில்
‘போதும், இதுவே இருக்கட்டும்’ என்றான்.
எது நல்லதென்று சொல்லவில்லை.

பிறகு ஜசிந்தாவின் முறை.
சென்-தெனியில் பிரசவ விடுதியில் இரவு வேலை,
கைகளில் இன்னும் கிருமிநாசினி மணம்.
தொழுவம். வைக்கோல். மாதா சுவரைப் பிடிக்கிறாள்.
உடனே கமெரா வானத்துக்கு ஏறிவிடுகிறது:
வயலின், நட்சத்திரம்.

‘இந்த இடத்தில் நான் என்ன செய்ய?’
‘ஒண்டும் இல்லையக்கா. நட்சத்திரம்தானே.’
‘நட்சத்திரமோ?’
சிரித்தாள்.
மாதாவுக்கு நோவு இல்லையென்று
சுவாமி சொன்னதை அமிர்தநாதர் நினைவூட்டினார்.
‘சுவாமி அங்கே நின்றவரோ?’ என்று கேட்டாள், மரியாதையாகத்தான்.

மூன்றாம் தரம் ஓடும்போது
மெட்ரோ வந்தது.
திலக்சனின் கை உயர்ந்தது.
அவள் காணவில்லையோ, கண்டாளோ,
மைக்குக்கு நெருங்கி
ஒரு மூச்சு விட்டாள்.
அலறல் இல்லை. பல்லைக் கடித்து,
இழுத்து, நடுவில் உடைந்து,
மீண்டும் இழுத்த மூச்சு.
ரயிலும் மூச்சும் ஒரே கோட்டில் பதிந்துவிட்டன.
பிரிக்க அவன் இரண்டு இரவு பார்த்தான்.

சார்செல் மண்டபத்தில் நூற்றிருபது கதிரை.
பின்வரிசையில் கொக்கிஸ் நொறுங்கும் சத்தம்.
திரையில் விளக்கு உயர்ந்தது,
‘இடமில்லை, அம்மா’ என்றேன், கதவு சாத்தியது.
முன்வரிசையில் ஒரு பெடிச்சி எழும்பி நின்று
மண்டபம் கேட்கக் கேட்டாள்:
‘அம்மா எண்டு சொல்லிப்போட்டு
பிறகேன் சாத்தினவன்?’

சுவாமி தொண்டையைச் செருமினார்.
நான் சப்பாத்தைப் பார்த்தேன்.
அந்த நேரம் பார்த்துக் கழுதை கத்தியது,
அதுவும் நான்தான்.
எல்லாரும் சிரித்தார்கள்.

சிரிப்பு அடங்குமுன் நட்சத்திரம் வந்துவிட்டது.
வயலினுக்கு அடியில் ஏதோ உறுமியது,
வானம் திறக்கிற ஒலி என்று நினைத்திருப்பார்கள்.
இரண்டாம் வரிசையில் ஒருத்தி மட்டும்
தேநீர்க் கோப்பையைத் தரையில் வைத்துவிட்டு
பக்கத்திலிருந்தவளின் மணிக்கட்டைப் பிடித்தாள்.
திரையில் ஒளி, ஒளி, ஒளி.
அதற்குக் கீழே ஜசிந்தாவின் மூச்சும்
நாசியோன் போகிற இரண்டாம் இலக்க ரயிலும்.