மெக்சிகோ ரிட்டயர் ஆகிறான்

துறைமுகத்து எலக்ட்ரிகல் செக்‌ஷனிலிருந்து,
இந்த மாதம் முப்பதாம் தேதி.
கிரவுண்டு மூலையில் பிளெக்ஸ் கட்டியிருக்கிறார்கள்:
‘மெக்சிகோ’ வே. கஜபதி, முன்னாள் ஃபார்வர்டு.
விஷயம் தெரியாதவன் பார்த்தால்
அந்த நாட்டுக்காரன் எவனோ
வியாசர்பாடிக்கு வந்து கிழவனாகிவிட்டான் என்று நினைப்பான்.

கஜா செங்கல்பட்டைத் தாண்டியதே இரண்டு தரம்.
ஒன்று, பெண்டாட்டி ஊருக்கு.
இன்னொன்று, திருச்சியில் ஸ்டேட் கேம்ப்:
பதினெட்டுப் பேர் எடுத்தார்கள்,
இவன் பத்தொன்பது.

பேர் சட்டையால் வந்தது.
எண்பத்தாறு. கப்பலில் மூட்டை இறக்கப் போன அவன் மச்சான்
மாலுமி ஒருத்தனிடம் இரண்டு லுங்கி கொடுத்து
மாற்றிக்கொண்டு வந்த பச்சை ஜெர்சி.
முதுகில் ஒன்பது, பாதி உரிந்தது.
நெஞ்சில் ஒரு பறவை, வாயில் பாம்பு.
கருடாழ்வார் என்று அவன் அம்மா
காலரில் மஞ்சள் தடவிக் கொடுத்தாள்.
அந்த ஜூன் முழுக்க
நடுராத்திரி, டெய்லர் கடை டிவியில் மெக்சிகோ.
விடிந்தால், முல்லை நகர் மண்ணில் மெக்சிகோ.
டிவி கறுப்பு வெள்ளை.
பச்சையை நாங்கள் பார்த்தது இவன்மேல்தான்.

நான் எதிர் டீம். கன்னிகாபுரம். ஸ்டாப்பர்.
பன்னிரண்டு வருஷம் என் வேலை அவன் ஒருத்தன்தான்.
‘உனக்குத்தான்பா அவனை நல்லாத் தெரியும், நாலு வார்த்தை பேசு’
என்று பசங்கள் வந்து கேட்டார்கள்.
எனக்குத் தெரிந்தது அவன் முதுகு.
கிட்ட வருவான், வலது தோள் ஒரு இஞ்ச் இறங்கும்,
நான் அந்தப் பக்கம் சாய்வேன்,
பிறகு உரிந்த ஒன்பதுதான் தெரியும்,
போய்க்கொண்டே இருக்கும்.

மொத்தம் இருநூற்றுப் பதினொன்று என்கிறான்.
என் கணக்கில் இருநூற்று ஒன்பது.
மிச்சம் இரண்டும் என் காலில் பட்டு உள்ளே போனவை.
அதை நான் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

தொண்ணூற்று நாலு, அரையிறுதி, மழை.
காட்டன் கால்வாய் ஏறி
கார்னர் கொடிக்குக் கீழே வந்து நின்றது.
நான் பந்துக்குத்தான் போனேன்.
ரெஃப்ரியிடம் சொன்னேன்.
ஸ்டான்லியில் அவன் அம்மாவிடம் சொன்னேன்.
என் கல்யாணம் முடிந்த மறுநாள் அவளிடமும் சொன்னேன்.
பந்து சாட்சிக்கு வரவில்லை.

முட்டி போனபின்னும் நாலு சீசன் ஆடினான்.
வேகமில்லை. குதிக்க முடியாது.
தோள் ஒன்றை வைத்தே ஆடினான்.
அந்த நாலு சீசனில் முப்பத்தேழு.
பதினாறு என்னைத் தாண்டி.

நேற்று சாயங்காலம் மாலை, சால்வை,
வட்டச் செயலாளர் அரைமணி நேரம் கிரிக்கெட் பற்றிப் பேசினார்.
என் முறை வந்தபோது மைக் கொய்ங் என்றது.
‘நல்ல பிளேயர்’ என்றேன்.
சட்டைப்பையில் நாலு பக்கம் எழுதி வைத்திருந்தேன்,
இரண்டாம் பக்கம் முழுக்க மழை.
உட்கார்ந்துவிட்டேன்.

பிறகு அவனைக் கிக்-ஆஃப் அடிக்கச் சொன்னார்கள்.
மேலே பச்சையைப் போட்டுக்கொண்டான்,
தொப்பைக்குமேல் கருடன் அகலமாகிவிட்டது.
கோல்கீப்பர் பையன் போனில் இருந்தான்.
யாரோ என்னை முன்னால் தள்ளினார்கள், போட்டோவுக்காக.
செருப்போடு நின்றேன்.
அவன் வந்தான், நொண்டிக்கொண்டு, சிரிக்காமல்.
தோள் இறங்கியது.

தெரியும்.
பன்னிரண்டு வருஷமாகத் தெரியும்.
இந்தத் தடவை இடது பக்கம், இடது பக்கம் என்று
மனசு கத்துகிறது,
என் இடுப்பு பாவி வலது பக்கம் போய்விட்டது.
உள்ளங்கை இரண்டும் மண்ணில்.

பந்து மெதுவாக, மிக மெதுவாக,
ஆளில்லாத போஸ்ட் நடுவே உருண்டு
பின்னால் கால்வாய்க்குள் விழுந்தது.
பையன்கள் ‘பால் போச்சு, பால் போச்சு’ என்று ஓடினார்கள்.

கஜா கையைக்கூட நீட்டவில்லை.
குனிந்து என் காதருகே சொன்னான்:
‘இருநூத்திப் பன்னெண்டு.’

பத்து, என்றேன்.