தொபலாபாவில் மாறுதல்

சந்தியாகோவில், பெரிய கடையொன்றின் தரைத்தளத்தில்
வாசனைத் திரவியம் விற்கிறேன்.
பெண்களென்றால் மணிக்கட்டில் ஒரு துளி,
"தேய்க்காதீர்கள், மூன்று எண்ணுங்கள்" என்பேன்.
ஆண்களென்றால் என் கழுத்தில் தெளித்துக் காட்ட வேண்டும்.
மேலாளர் உத்தரவு.

ஏழு மணிக்கு வெளியே வரும்போது
என்மேல் ஒரு மாதச் சம்பளம் மணக்கும்.
ரைமுந்தோ அதைத்தான் முதலில் சந்தித்தான்,
என்னை அப்புறம்.

அவன் ஸ்வெட்டரின் முழங்கையில் ஓட்டை.
கூசாமல் அந்தக் கையையே மேசையில் ஊன்றுகிறான்.
கிழிந்ததைப் போட்டுக்கொள்ள எவ்வளவு சொத்து வேண்டுமென்று
இஸ்திரி போட்ட என் ஒரே நல்ல சட்டை
கணக்குப் பார்த்துக்கொண்டிருந்தது.

"எந்தப் பள்ளியில் படித்தாய்?"
இந்த ஊரில் அது படிப்பைப் பற்றிய கேள்வி இல்லை.
சிரித்துவைத்தேன்.
அவன் குலப்பெயரில் வல்லின றகரம் இரண்டு,
சொன்னாலே கதவு திறக்கும்.
நான் யாஸ்னா என்றேன்.
கத்ரிலெயோ என்பதை விழுங்கிக்கொண்டேன்,
தெற்கே மப்பூச்சே மண்ணிலிருந்து
தாத்தா மூட்டையோடு கொண்டுவந்த பெயர்.

உணவுப் பட்டியலை நான் வலப்பக்கத்திலிருந்து வாசிப்பவள்.
அவன் அதைத் திறக்கவே இல்லை.
அந்த அலட்சியத்தில்தான் விழுந்தேன், மறைப்பானேன்.
கண்ணில் இல்லை, தோளில் இல்லை.

இரண்டாம் கோப்பையில் தன்னை வளர்த்த வேலைக்காரியைப் பற்றிச் சொன்னான்.
பாலில் ஆடை படிந்தால் அழுவானாம்.
அவள் கரண்டி முனையால் எடுத்துத் தானே தின்றுவிட்டு,
"போச்சு பார்" என்பாளாம்.
"அம்மாவைவிட அவள்தான் எனக்கு."
கண் பனித்தது.
எத்தனை பேரிடம் சொல்லியிருப்பானோ,
நன்றாக வேலை செய்கிற கதை.

என் அம்மா திங்கட்கிழமை போவாள்,
சனி இரவு வருவாள். இன்றைக்கும்.
மலையடிவாரத்தில் ஒரு வீடு,
அங்கேயும் ஒரு பையன், அங்கேயும் பால்.
அதே வீடு இல்லை. பேச்சுவாக்கில் விசாரித்துவிட்டேன்,
தெரு வேறு.
எனக்கு ஆடையோடு குடித்துத்தான் பழக்கம்.

காரில் வரும்போது கழுத்தருகே குனிந்தான்:
"இது என் அம்மா போடுகிற வாசனை."
இடப்பக்கம் அப்படித்தான் இருக்கும்.
வலப்பக்கம் புதுச்சரக்கு, இன்னும் யாரும் வாங்கவில்லை.

தொபலாபாவில் ஏதோ ஒரு மாடிக்கட்டடத்தைக் காட்டி
"இங்கேதான்" என்று இறங்கினேன்.
கண்ணாடிக் கதவுக்குள் காவலாளி எழுந்து வணக்கம் சொன்னார்.
சிவப்பு விளக்குகள் முனை திரும்பும்வரை
அவரும் நானும் தெரிந்தவர்கள்போல் நின்றோம்.
"கடைசி ரயில் போய்விடும், ஓடு" என்றார்.
அவரும் நான்காம் தடத்து ஆள்தான் போல.

சுரங்கத்துக்குள் செருப்பைக் கழற்றினேன்.
பக்கத்து இருக்கைக்காரி கையில் ப்ளீச்சிங் நெடி.
வந்த தூக்கத்தில் என் தோளில் சாய்ந்தாள்,
புதுச்சரக்கில் கொஞ்சம்
அவள் தலைமுடிக்குப் போனது.

கைப்பேசி மின்னியது: "தூங்கிவிட்டாயா?"
புவென்தே அல்தோ போய்ச்சேர இன்னும் பாதி வழி.
"படுத்துவிட்டேன்" என்று தட்டினேன்.
"சனி இரவு பார்ப்போமா?"

அம்மா வருகிற ஒரே இரவு.

மூன்று எண்ணினேன்.
சரி என்றேன்.