தொடங்கிய நாள்

படிவத்தில் ஐந்தாவது கேள்வி:
தொந்தரவு எப்போது தொடங்கியது?
தேதி எழுத, இரண்டு விரல் அகலத்தில் ஒரு கட்டம்.
பேனா என்னிடம்தான் இருக்கிறது.

மஞ்சக்குப்பத்தில் பஸ் ஏறியதிலிருந்து
நிலவரசி பேசவில்லை.
பாண்டி வரும்வரை கைகளை மடியில் படவிடாமல்
தூக்கியே வைத்திருந்தாள்,
மருதாணி காயாதவள்போல.
பதினாறு வயது.

போன வருஷம் என்று எழுதலாம்.
கணக்குப் பரீட்சைக்கு நேரமாகிவிட்டது,
குளியலறைக் கதவை உடைத்தேன்,
வாளி வழிந்துகொண்டே இருந்தது.
அன்றைக்குத்தான் வியாதி என்ற சொல்
செருப்பைக் கழற்றாமல் வீட்டுக்குள் வந்தது.

ஆனால் அதற்கு முன்பே
மாதம் ஒன்பது சோப்பு கரைந்தது.
அதற்கும் முன்பே, ஆறாம் வகுப்பில்,
ஒரே வரியை அழித்து அழித்துத்
தாள் ஓட்டையானது.
டீச்சர் கையெழுத்துக்கு நட்சத்திரம் போட்டார்.
ஓட்டையைப் பற்றி ஒன்றும் எழுதவில்லை.

இரண்டாம் வகுப்பில்
சுத்தமான பிள்ளை என்று ஒரு டிபன் பாக்ஸ் பரிசு.
தெரு முழுக்கக் காட்டிவிட்டு வந்தவன் நான்.

இன்னும் கீழே இறங்குகிறேன்.
தானே புயல் ராத்திரி. அவளுக்கு மூன்று வயது.
பின்னால் முந்திரி மரங்கள் முறிகிற சத்தம்.
தாழ்ப்பாளைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தேன்.
என் இடுப்பிலிருந்து அவளும் கை நீட்டித் தொட்டாள்.
காலையில் கூரை இருந்தது.
தொட்டதால்தான் இருந்தது என்று
நினைத்துக்கொண்டாளோ என்னவோ.

அதற்கும் கீழே:
சிப்காட்டில் ஷிப்ட் முடிந்து வருவேன்.
பிள்ளையைத் தூக்குமுன்
முழங்கை வரை மூன்று தடவை தேய்ப்பேன்.
அந்த நாற்றம் அப்படியும் போகாது.
தூளித் துணியை விலக்கிப் பார்த்துக்கொண்டிருப்பாள்.

என் அப்பா
கடையைப் பூட்டிவிட்டுப் பாதி வழி வந்து
திரும்பவும் போய்ப் பூட்டை இழுத்துப் பார்ப்பார்.
பொறுப்பான மனுஷன் என்றார்கள்.

டாக்டரம்மா எட்டிப் பார்த்துச் சொன்னார்,
ஒரு நாளைச் சொல்ல முடியாதுங்க,
உத்தேசமாப் போடுங்க.

உத்தேசமாக எந்த வருஷத்தைப் போட?

துப்பட்டா நுனியால் பேனாவைப் பிடித்து
என் கையிலிருந்து இழுத்தாள்.
கட்டத்தைத் தாண்டி, ஆறாவது கேள்வியின் மேலேறி
எழுதிக்கொண்டே போனாள்:

மூணாவது படிக்கும்போது. ராத்திரி.
நான் சொன்னேன்பா.
நீங்க நைட் ஷிப்டுக்குக்
கிளம்பிட்டிருந்தீங்க.