நான்கு பத்துக்குத் திரும்பிய காற்று

மேன்முறையீட்டுப் படிவத்தில் 'காரணம்' என்ற கட்டத்துக்கு
மூன்று வரிதான் இடம்.
காற்று என்று எழுதினேன்.
வக்கீல் பியோனா அடித்துவிட்டாள்.

டூமுட் கோர்ட்டில் பொய் எதுவும் சொல்லவில்லை அவர்கள்.
பூட்டை வெட்டியவள் நான்.
கம்பிவேலி, தண்ணீர்க் குழாய்,
வெருண்ட குதிரைகள் மிதித்துப்போன
பதினோரு ஆப்பிள் கன்றுகள்:
ஒவ்வொன்றுக்கும் விலை போட்டிருந்தார்கள்.
"ஆனால் தீ வரவேயில்லையே, மிஸ் கார்குழலி?"

வரவில்லை.
நான்கு பத்துக்குக் காற்று திரும்பிக்கொண்டது.
திரும்பாதிருந்தால்
ஒரு குதிரையின் கழுத்தைக் கட்டிக்கொண்டு
உள்ளூர்ப் பத்திரிகையில் நின்றிருப்பேன்.

புகை எவ்வளவு தூரத்தில் என்று நீதிபதி கேட்டால்
கிலோமீட்டரில் சொல், என்கிறாள் பியோனா.
பல்லில் இருந்தது.
பல் எத்தனை கிலோமீட்டர்?

ஆகஸ்ட் ஒன்பது, வாகா வாகாவில் விசாரணை.

நேற்று முதியோர் இல்லத்தில் இரவு வேலை முடிந்து
பனிமூட்டத்தில் அந்த வழியாகத்தான் வந்தேன்.
வண்டியை நிறுத்தவில்லை; நிறுத்தக் கூடாது.
மெக்கின்னன் புது கேட் போட்டிருக்கிறார்.
கொக்கி மட்டும்.
பூட்டு இல்லை.

பியோனாவுக்குப் போன் செய்தேன்.
கொஞ்ச நேரம் பேசவில்லை அவள்.
புதுச் சாட்சியம் சேர்க்க
தனியாக அனுமதி கேட்க வேண்டுமாம்.