டி வரிசை

காலை ஆறரை. சுவா சூ காங்,
மின்தூக்கியை ஒட்டிய வெற்றுத்தளம்.
பான இயந்திரத்தின் கதவைத் திறந்தால்
முகத்தில் வந்து அடிக்கிறது
இந்தத் தீவில் எனக்கு இலவசமாய்க் கிடைக்கும் ஒரே குளிர்.

நிரப்புவது என் வேலை.
ஒன்பது வருடம். இடுப்பில் பட்டை.
யாரும் கேட்காத கணக்கு ஒன்று வைத்திருக்கிறேன்:
கறுப்புச் சோடா, டின்னுக்கு முப்பத்தைந்து கிராம் சீனி,
அட்டைக்கு இருபத்துநான்கு டின்,
முப்பது அட்டை ஏற்றி இறக்கிய நாளில்
தண்ணீரைக் கழித்து, தகரத்தைக் கழித்து
என் முதுகில் மிஞ்சுவது
இருபத்தைந்து கிலோ.
ஒரு மூட்டை.
தினம் ஒரு மூட்டைச் சீனியை
குளிரவைத்து, நுரைக்கவைத்து,
ஏழேழு கரண்டியாக
புளோக் புளோக்காய்ப் பங்கிட்டு வந்திருக்கிறேன்.

பிறகு எழுத்துகள் வந்தன.
ஒவ்வொரு பானத்தின் நெற்றியிலும் தேர்வு முடிவு.
செவ்வந்திப்பூத் தேநீர், சி.
பூதானே என்று நம்பிக் குடித்தவர்கள்
மூக்குக்கண்ணாடியைத் துடைத்துவிட்டு
மறுபடி படித்தார்கள்.
சூடு தணிக்கும் நீர்ப்பூசணி, அதுவும் சி.
சோயா பால் பி.
மேலே அத்தனை பழம் வரைந்திருந்த ஆரஞ்சு, டி.
உயர்நிலை இரண்டில் கணக்கில் டி வாங்கியவள் நான்.
அதன்மேல் கொஞ்சம் சொந்தம்.
தண்ணீர் ஏ.
அதற்கென்ன, படிக்காமலே தேறிவிடும்.

அப்புறம் கம்பெனிகள்
தங்கள் பிள்ளைகளைத் துணைப்பாட வகுப்புக்கு அனுப்பின போலிருக்கிறது.
ஒரே வருடத்தில் பாதி டி, பி ஆகிவிட்டது.
முகம் அதே, நிறம் அதே,
நாக்கின் ஓரத்தில் மட்டும்
யாரோ பொய் சொல்லிவிட்டுப் போன மாதிரி.

போன மாதம் ஷாஹுல் சொன்னார்,
டி வரிசையை எடுத்துவிடு, கோமளா,
யாரும் அழுத்துவதில்லை.
எடுத்தேன்.

இந்தப் புளோக்கைக் கூட்டுபவள் ரொஸ்னானி.
எப்போதும் ஒரே பொத்தான்: சீனியில்லாத தேநீர்.
கோசோங், என்பாள், விரலால் வட்டம் போட்டு.
சுழியத்துக்கும் காலிக்கும்
அவள் மொழியில் ஒரே சொல்.

செவ்வாய்க்கிழமை
துடைப்பம் தரையில் கிடந்தது.
சதுரங்கக் கட்டம் போட்ட கல்மேசையில்
அவள் தலை.
கழுத்தெல்லாம் வியர்வை, கைநடுக்கம்.
இன்சுலின் போட்டிருக்கிறாள், சாப்பிடவில்லை.
மனிஸ், என்றாள். மனிஸ்.
இனிப்பு.

திரும்பிப் பார்த்தேன்.
நான் நிரப்பிய இயந்திரம்
விளக்குப் போட்டுக்கொண்டு நிற்கிறது:
பி, பி, பி, ஏ, பி.
அத்தனையும் இனிப்பாக நடிக்கிற இனிப்பு.
ரத்தத்துக்கு நாடகம் பார்க்கத் தெரியாது.

வேனுக்கு ஓடினேன்.
திருப்பி அனுப்ப வைத்திருந்த அட்டையைக் கிழித்து
கைபேசி வெளிச்சத்தில் டின் டின்னாகத் திருப்பிப் படித்தேன்.
நூறு மில்லிக்கு நான்கு புள்ளி ஒன்பது. போ.
ஐந்து புள்ளி எட்டு. போ.
ஏழு. போடி.
வாழ்க்கையில் முதல்முறையாக
ஆகக் கேவலமான மதிப்பெண்ணைத் தேடினேன்.
பத்து புள்ளி ஆறு.

சூடாக இருந்தது, ஓட்டத்தில் குலுங்கியும் இருந்தது,
திறந்ததும் பாதி என் சட்டையில்.
மீதியை அவள் வாயருகே பிடித்தேன்,
முழுங்கு, இன்னொன்று முழுங்கு,
தமிழில்தான் சொன்னேன், முழுங்கினாள்.

கால் மணிநேரம்.
மேலே ஏதோ வீட்டில் வானொலி.
பள்ளிக்கூடப் பையன் ஒருவன் வந்து
எங்களைப் பார்த்துவிட்டு
தண்ணீர் வாங்கிக்கொண்டு போனான்.

அவள் உதட்டுக்கு நிறம் வந்தது.
முதல் வேலையாக, எவ்வளவு, என்று கேட்டாள்.
பத்து புள்ளி ஆறு, என்றேன்.
கண்ணை விரித்தாள்:
பத்து வெள்ளியா! மஹால் லா!
சிரித்தேன். அழுகையும் வந்தது,
அதை வியர்வையோடு சேர்த்துத் துடைத்துக்கொண்டேன்.

கீழ் வரிசையில் ஒரு சுருளைக் காலிசெய்து
ஆறு டி வைத்தேன்.
ஷாஹுலிடம் சொல்லவில்லை.
ரொஸ்னானி அந்த டின்னை
காதோரம் ஆட்டிப் பார்த்தாள். கோசோங்.
குப்பைத்தொட்டிக்குள் போட்டுவிட்டு
துடைப்பத்தை எடுத்தாள்.

அடுத்த புளோக்குக்குப் பதினோரு அட்டை.
சட்டை முதுகோடு ஒட்டுகிறது,
எறும்பு வரும்.