செவ்வாய்க்கிழமைச் சொதி

ரீடிங் எடுக்கப் போன அப்பா
பத்தரை மணிக்கே திரும்பி வந்தார்,
கேரியரில் மூன்று தேங்காய்.
"சொதி வையி."

முருங்கைக்காய் நறுக்குவதை அம்மா நிறுத்தவில்லை.
"மறுவீடா நடக்கு இங்க?"

எங்கள் பக்கம் சொதிக்கென்று ஒரு நாள் உண்டு.
தாலி ஏறிய மறுநாள்
மாப்பிள்ளை வீட்டாரை வரிசையாக உட்கார வைத்து
ஊற்றுவது.
போன தையில், பேட்டை மண்டபத்தில், இருநூற்றுப் பத்து இலை.
மாப்பிள்ளையின் சித்தப்பா
மூன்றாம் தடவை கேட்டு வாங்கிக்கொண்டு
"கொஞ்சம் தண்ணியா இருக்கோ" என்றார்.
வாளியோடு குனிந்த அப்பா
நிமிர வெகுநேரம் ஆயிற்று.

உலகம்மை வந்து இன்றோடு பதினோரு நாள்.
ஒரு சூட்கேஸ், ஒரு பிளாஸ்டிக் குடம்.
குடத்தை எதற்குத் தூக்கி வந்தாளென்று
இன்னும் யாரும் கேட்கவில்லை.
"விசேஷமா மதினி?" என்ற எதிர்வீட்டுக்கு
"பல்வலி, பாளையங்கோட்டை டாக்டர்" என்று
அம்மா சொல்லி வைத்திருக்கிறாள்.
என் ஜாதகம் தென்காசியில் ஒரு வீட்டில் இருக்கிறது.
அதனால்தான் பல்வலி.

மிக்ஸியில் நான் அரைத்தேன்.
சட்டையைக் கழற்றிப் போட்டுவிட்டு
அப்பா துணியில் பிழிந்தார்.
மூன்றாம் பாலில் காய் வெந்தது.
தலைப்பால் விட்ட பிறகு கொதிக்கக் கூடாது, திரிந்துவிடும்.
அந்த நேரம் அம்மா
அடுப்பைத் தவிர யாரையும் பார்க்கவில்லை.

வாசனைக்கு எழுந்து வந்தாள்,
தலை கட்டாமல்.
"யாரு வாரா?"

அப்பா கூடத்தில் ஒரே ஒரு இலை போட்டார்.
நுனியை ஒருமுறை திருப்பிச் சரி பார்த்தார்.
இஞ்சிப் பச்சடி, உருளைக்கிழங்கு சிப்ஸ்.
"உக்காருட்டி."

உட்கார்ந்தாள்.
முதல் ஊற்றுக்கு அழுதாள் என்று நினைக்கிறேன்,
முடி மறைத்திருந்தது.
மூன்றாம் தடவை அவளே கேட்டாள்.
அப்பா குனிந்து ஊற்றினார்.
"எலுமிச்சம்பழம் தூக்கலா இருக்கு."
"பல்வலிக்காரி திங்கித தீனியப் பாரு" என்ற அம்மா
சிரிப்பை அடக்க முந்தானையைக் கடித்தாள்.

பிறகு ஒரு தூக்குவாளி நிறைய ஊற்றி
என் கையில் தந்தாள். எதிர்வீட்டுக்கு.
"கேட்டா என்ன சொல்ல?"
"மக வந்திருக்கான்னு சொல்லு."
நான் நடை இறங்கிய பிறகு
பின்னாலிருந்து, "இனி இங்கதான்னு சொல்லு."

வாளிக்கு மூடி சரியில்லை.
தெருவைத் தாண்டுவதற்குள்
பாவாடையில் கொஞ்சம் சிந்திவிட்டது,
சூடாக.