ஏற்றதை ஆற்றுதல்

மூன்றே முக்கால் சென்ட்.
வடக்கே வண்டிப்பாதை,
தெற்கே குருவம்மாள் வீட்டுக் கொல்லை,
கிழக்கே கருவேலங்காடு,
மேற்கே மீதி நிலம், அதுவும் சோலையப்பனுடையது.
இந்த நான்கெல்லைக்கு உட்பட்டதைப்
பதினொரு மாதத்தில் எனக்கு எழுதித் தருவதாக
இருபது ரூபாய்த் தாளில் அவர் கையெழுத்து.
நாலு லட்சம் முன்பணம்.
எச்சில் தொட்டு எண்ணினார்.
பள்ளிச் சீருடை தைத்துச் சேர்த்த நோட்டு,
சிலதில் என் நீலச் சாக்பீஸ் ஒட்டியிருந்தது.

பத்தாம் மாதம் வண்டிப்பாதையில்
நாலுவழிச் சாலைக்குக் கல் நட்டார்கள்.
போனைச் சோலையப்பனின் மகன் எடுத்தான்,
அப்பா குளிக்கிறார் என்றான்.
ஒரு வாரம் குளித்தார்.
ஒத்தக்கடையில் அவ்வளவு தண்ணீர் ஏது.

கெடு முடியும் நாள்
சார்பதிவாளர் ஆபீஸ் புங்கமரத்தடியில்
மீதிப் பத்து லட்சத்தை மடியில் கட்டிக்கொண்டு
காலையிலிருந்து உட்கார்ந்திருந்தேன்.
கதவைச் சாத்திய பியூன் கேட்டார்,
யாருக்காகம்மா?

வக்கீல் ஜெபமணி சொன்னார்:
முன்பணம் போதுமென்றால் வட்டியோடு வாங்கித் தரலாம்.
நிலம்தான் வேண்டுமென்றால்
ஏற்றதை ஆற்றச் சொல்லி வழக்குப் போட வேண்டும்.
ஆற்று என்ற சொல்லை
நான் டீக்கடையில்தான் கேட்டிருக்கிறேன்.
கோர்ட் வாசலில் மீரான் ஆற்றுவார்,
ஒரு முழம், ஒன்றரை முழம்,
நுரை வரும்.
உள்ளே ஒன்பது வருஷம்.
ஒவ்வொரு வாய்தாவுக்கும் டவாலி
தெய்வகன்னி, சோலையப்பன் என்று
கல்யாணப் பத்திரிகை வாசிப்பதுபோல்
எங்களைச் சேர்த்தே கூப்பிட்டார்.

ஒப்பந்த நாள்முதல் இன்றுவரை
தயாராகவும் விருப்பமாகவும் இருந்தீர்களா?
குறுக்கு விசாரணையில் திரும்பத் திரும்பக் கேட்டார்கள்.
தம்பிக்குக் கிட்னி கெட்டபோது
அந்தப் பத்திலிருந்து மூன்றை எடுத்தேன்.
எட்டாம் நாள் சங்கிலியை அடகு வைத்து
திரும்பப் போட்டுவிட்டேன்.
பாஸ்புக்கில் ஒரு வாரம் பள்ளமாக இருக்கிறது.
எதிர்த்தரப்பு வக்கீல் அந்தப் பள்ளத்தில் இறங்கி
அரைநாள் தேடினார்.
தம்பி அங்கே இல்லை. எங்கேயும் இல்லை.
இருந்தேன் என்றேன்.
டைப்பிஸ்ட் ஒரே வரியில் அடித்து முடித்தார்.

சோலையப்பன் கூண்டேறிய நாளில்
கையெழுத்து என்னுதுதான்,
அன்னைக்கு இருந்த மனசு இப்ப இல்லை, ஐயா என்றார்.
கோர்ட்டே சிரித்தது.
எனக்கு மட்டும் அது புரிந்துவிட்டது.
அதனால்தான் இன்னும் கோபம் வந்தது.

தீர்ப்பு வந்தது.
இரண்டு மாதத்தில் மீதியைக் கட்டினேன்.
அவர் எழுதித் தரவில்லை.
அவருக்காக நீதிமன்றமே எழுதித் தந்தது.
நல்ல கையெழுத்து, நடுக்கமில்லாதது,
அந்த மண்ணில் ஒரு நாளும் குனிந்திராத கையுடையது.

ஒப்படைக்க வந்த அமீனா
பத்திரத்தைப் பிரித்து உரக்க வாசித்தார்.
வடக்கே வண்டிப்பாதை என்றார்,
மணல் லாரி ஒன்று ஹாரன் அடித்துப் போனது.
தெற்கே குருவம்மாள் வீடு,
டைல்ஸ் குடோன்.
கிழக்கே கருவேலங்காடு,
அங்கே பெட்ரோல் பங்கில் காற்றுப் பிடித்துக்கொண்டிருந்தார்கள்.
மேற்கே சோலையப்பன்,
சொன்னபடியே நின்றார், சட்டையில்லாமல்.
எந்த எல்லையிலும் எழுதப்படாத யானைமலை
பின்னால் படுத்திருந்தது.

அமீனா டேப்பின் ஒரு முனையை என்னிடம் தந்து
அந்தப் பக்கம் யாராச்சும் பிடிங்கய்யா என்றார்.
யாரும் அசையவில்லை.
கொஞ்ச நேரம் கழித்து
சோலையப்பன்தான் வந்து குனிந்தார்.
நடுவில் டேப் தொய்ந்தது.
இழுத்துப் பிடிம்மா, அரையடி போயிரும் என்றார்.

யாருக்கு என்று சொல்லவில்லை.
இழுத்துப் பிடித்தேன்.